பத்து சதவீதச் சட்டமும் இர்மா ரான்ஹெலும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அமெரிக்க அரசியலைப் பற்றித் தமிழ் நாளிதழ்களில் வெளிவரும் கட்டுரைகளை நான் பல ஆண்டுகளாக விடாமல் படித்து வருகிறேன். அவை பெரும்பாலும் வெள்ளை மாளிகையில் தொடங்கி, வாஷிங்டன் நாடாளுமன்றத்தைச் சுற்றிவந்து, அங்கேயே முடிந்துவிடுகின்றன. ஹிஸ்பானிக், அதாவது ஸ்பானிய மொழி மரபில் வந்த, பெண்களைப் பற்றி எழுதும்போதும் உச்ச நீதிமன்ற நீதிபதி ஒருவர், நாடாளுமன்ற உறுப்பினர்கள் ஓரிருவர் என்ற அளவிலேயே பேச்சு நின்றுவிடுகிறது. ஆனால் அமெரிக்காவில் பள்ளிக்கூடம், பல்கலைக்கழகம், சாலை, காவல், வாக்குச்சாவடி என்று ஒரு குடும்பத்தின் அன்றாட வாழ்வைத் தொடும் பெரும்பாலான காரியங்கள் மாநிலத் தலைநகரங்களில்தான் தீர்மானிக்கப்படுகின்றன. அத்தகைய ஒரு தலைநகரமான, டெக்சாஸ் மாநிலத்தின் ஆஸ்டினில் இருபத்தாறு ஆண்டுகள் சட்டமன்ற உறுப்பினராக இருந்த இர்மா ரான்ஹெல் என்ற பெண்மணியைப் பற்றித் தமிழ் வாசகர்கள் அறிந்துகொள்ள வேண்டும் என்ற விருப்பத்தில் இக்கடிதத்தை எழுதுகிறேன்.

இதற்கு ஒரு நேரடிக் காரணமும் உண்டு. ஹூஸ்டன், டாலஸ், ஆஸ்டின் நகரங்களின் புறநகர்களில் குடியேறியுள்ள தமிழ்க் குடும்பங்களில் பிள்ளை ஒன்பதாம் வகுப்பில் அடியெடுத்து வைத்ததுமே 'ரேங்க்' என்ற பேச்சு வீட்டுக்குள் வந்துவிடும். டெக்சாஸ் மாநிலத்தில் உயர்நிலைப் பள்ளி வகுப்பில் முதல் பத்து சதவீதத்துக்குள் வரும் மாணவருக்கு மாநிலத்தின் அரசுப் பல்கலைக்கழகங்களில் தாமாகவே இடம் கிடைக்கும் என்பது சட்டம். ஆஸ்டினில் உள்ள டெக்சாஸ் பல்கலைக்கழகத்துக்கு மட்டும் அந்த வரம்பு பிற்காலத்தில் ஏழு சதவீதம், ஆறு சதவீதம் என்று சுருங்கி, 2026 சேர்க்கைக்கு ஐந்து சதவீதமாகிவிட்டது. கோயில் வளாகத்திலும் தமிழ்ப் பள்ளி வாசலிலும் பெற்றோர் இந்தச் சட்டத்தைப் பற்றிப் பேசாத வாரம் இல்லை. பெரும்பாலும் மனக்குறையோடுதான் பேசுகிறார்கள். ஆனால் இந்தச் சட்டத்தைச் சட்டமன்றத்தில் கொண்டுவந்து நிறைவேற்றியவர் யார், எந்த ஊர்க்காரர், எதற்காகக் கொண்டுவந்தார் என்று கேட்டால் விடை சொல்லக்கூடியவர்கள் மிகக் குறைவு.

இர்மா ரான்ஹெல் 1931ஆம் ஆண்டு மே 15ஆம் தேதி, டெக்சாஸின் தெற்கே கிங்ஸ்வில் என்ற சிற்றூரில் பிறந்தார். கிங் ராஞ்ச் எனப்படும் மாபெரும் கால்நடைப் பண்ணையின் நிலத்தில், இரயில் பாதை வந்ததை ஒட்டி 1904இல் உருவாக்கப்பட்ட ஊர் அது. அந்தப் பண்ணையின் பரப்பு சுமார் 8,25,000 ஏக்கர். அங்கே மாடு மேய்த்தவர்களிலும், சுற்று வட்டாரத்தில் பருத்தி எடுத்தவர்களிலும் மெக்சிகோ வம்சாவளியினர் பெருந்தொகையினர். ரான்ஹெலின் பெற்றோரும் இளமையில் பருத்திக் காட்டில் உழைத்தவர்களே. பின்னர் தந்தை முடிதிருத்தும் கடைகளையும், தாய் துணிக்கடையையும் நடத்தி முன்னுக்கு வந்தார்கள்.

அவர் வளர்ந்த காலத்துத் தென் டெக்சாஸை இன்றைய வாசகர்கள் கற்பனை செய்வது சற்றுக் கடினம். அன்று பல ஊர்களில் மெக்சிகோ வம்சாவளிக் குழந்தைகளுக்கென்று தனிப் பள்ளிக்கூடம் இருந்தது. அது சட்டத்துக்குப் புறம்பானது என்று கூட்டாட்சி நீதிமன்றம் ஒன்று டெல்காடோ வழக்கில் தீர்ப்பளித்தது 1948இல்தான். அதன் பிறகும் பல ஊர்களில் வழக்கம் மாறவில்லை. வாக்களிக்க வேண்டுமானால் தலைவரி கட்ட வேண்டும் என்ற விதி 1966 வரை டெக்சாஸில் நீடித்தது. கூலி வேலை செய்த ஒரு குடும்பத்துக்கு அதற்கான ஒன்றரை டாலர் சிறிய தொகையன்று. உலகப் போரிலிருந்து திரும்பிய மெக்சிகோ வம்சாவளி வீரர்கள் தங்கள் உரிமைகளுக்காகக் கிங்ஸ்வில்லுக்கு அருகிலுள்ள கார்பஸ் கிறிஸ்டி நகரில் 1948இல் 'அமெரிக்கன் ஜி.ஐ. ஃபோரம்' என்ற அமைப்பைத் தொடங்கியபோது ரான்ஹெல் பதினாறு, பதினேழு வயதுப் பெண்.

சொந்த ஊரிலிருந்த டெக்சாஸ் கலை மற்றும் தொழில் கல்லூரியில் வணிக நிர்வாகம் படித்து 1952இல் பட்டம் பெற்றார். ஊரிலேயே ஒரு கல்லூரி இருந்ததால்தான் அவரால் படிக்க முடிந்தது. இதைப் பிற்காலத்தில் அவர் எடுத்த ஒவ்வொரு முடிவோடும் சேர்த்து நினைத்துப் பார்க்க வேண்டும் என்பது என் கருத்து. அதன்பின் சுமார் பதினான்கு ஆண்டுகள் ஆசிரியப் பணி: ராப்ஸ்டவுன், ஆலிஸ் ஆகிய தென் டெக்சாஸ் ஊர்களிலும், வெனிசுவேலாவின் தலைநகரான கராகஸிலும், கலிஃபோர்னியாவின் மென்லோ பார்க்கிலும் அவர் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தார். முப்பத்தைந்து வயதை எட்டிய பிறகு, நிலையான வேலையை விட்டுவிட்டு, சான் அன்டோனியோவில் உள்ள செயின்ட் மேரிஸ் பல்கலைக்கழகத்தில் சட்டம் படிக்கச் சேர்ந்து, 1969இல் முப்பத்தெட்டாம் வயதில் வழக்கறிஞரானார். கூட்டாட்சி நீதிபதி ஏட்ரியன் ஸ்பியர்ஸிடம் உதவியாளராகவும், பின்னர் கார்பஸ் கிறிஸ்டியில் அரசுத் தரப்பு உதவி வழக்கறிஞராகவும் பணியாற்றிவிட்டு, 1973இல் கிங்ஸ்வில்லுக்கே திரும்பி அலுவலகம் திறந்தார். அந்த ஊரில் வழக்கறிஞர் தொழில் செய்த முதல் ஹிஸ்பானிக் பெண் அவரே.

அரசியலுக்கு அவர் வந்தது மாவட்ட அளவிலான கட்சிப் பணி வழியாகத்தான். கிங்ஸ்வில் அடங்கிய கிளீபர்க் மாவட்டத்தின் ஜனநாயகக் கட்சித் தலைவராக அவர் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்த நேரத்தில் ஒரு பெரிய மாற்றம் நிகழ்ந்தது. கறுப்பின மக்களின் வாக்குரிமையைக் காக்க 1965இல் இயற்றப்பட்ட கூட்டாட்சிச் சட்டத்தின் பாதுகாப்பு, 1975இல் ஸ்பானிய மொழி பேசும் மக்களுக்கும் விரிவாக்கப்பட்டு, டெக்சாஸ் மாநிலமும் அதன் வரம்புக்குள் கொண்டுவரப்பட்டது. அந்த விரிவாக்கத்துக்காக நாடாளுமன்றத்தில் முன்னின்று வாதாடியவர்களில் ஒருவர், ஹூஸ்டனைச் சேர்ந்த கறுப்பினப் பெண் உறுப்பினர் பார்பரா ஜார்டன். மறு ஆண்டே, 1976இல், ரான்ஹெல் மாநிலச் சட்டமன்றத்துக்குப் போட்டியிட்டு வென்றார். டெக்சாஸ் பிரதிநிதிகள் அவையில் மெக்சிகோ வம்சாவளிப் பெண் ஒருவர் உறுப்பினரானது அதுவே முதல் முறை. 1977 சனவரியில் அவர் பதவியேற்றபோது அவருக்கு வயது நாற்பத்தைந்து.

டெக்சாஸ் சட்டமன்றத்தின் அமைப்பைச் சற்றுச் சொல்லியாக வேண்டும். பிரதிநிதிகள் அவையில் 150 பேர், செனட்டில் 31 பேர். இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறை, ஒற்றைப்படை ஆண்டுகளில் மட்டும், 140 நாள்கள் கூடுவார்கள். உறுப்பினருக்கு மாதச் சம்பளம் 600 டாலர்தான். ஆண்டுக்கு 7,200 டாலர். அதனால் வசதியுள்ளவர்களோ, சொந்தத் தொழிலை விட்டுவிட்டு ஐந்து மாதம் ஆஸ்டினில் தங்க முடிந்தவர்களோதான் பெரும்பாலும் அந்தப் பதவிக்கு வர முடிகிறது. இப்படிப்பட்ட அவையில் கிங்ஸ்வில்லில் சிறு அலுவலகம் வைத்திருந்த ஒரு பெண்மணி பதினான்கு முறை மக்களின் ஆதரவைப் பெற்றார். தம்மைப் போன்ற இன்னொரு மெக்சிகோ வம்சாவளிப் பெண், ஆஸ்டினின் லேனா கெரேரோ, அவைக்குள் வருவதற்கு அவர் எட்டு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. செனட்டுக்கு லரேடோவின் ஜூடித் ஸஃபிரினி வந்தது 1987இல்.

அவர் கொண்டுவந்த முதல் மசோதா, பிள்ளைகளை வைத்துக்கொண்டு அரசு உதவித் தொகையில் வாழும் தாய்மார்களுக்குக் கல்வியும் வேலைவாய்ப்பும் கிடைக்க வழிசெய்வது. குடும்ப வன்முறைக்கு ஆளான பெண்களுக்கான காப்பகங்களுக்காகவும் அவர் உழைத்தார். ஆனாலும் ஆண்டுகள் செல்லச் செல்ல அவருடைய கவனம் உயர்கல்வி என்ற ஒரே துறையில் குவிந்தது.

அதற்கான காரணத்தை எண்களே சொல்கின்றன. மெக்சிகோ எல்லையை ஒட்டிய டெக்சாஸ் பகுதியின் கல்லூரிகளை மாநில அரசு புறக்கணிக்கிறது என்று 1987இல் ஒரு வழக்குத் தொடரப்பட்டது. மாநில மக்கள்தொகையில் ஏறத்தாழ 20 சதவீதத்தினர் எல்லைப் பகுதியில் வாழ்ந்தார்கள். ஆனால் அரசுப் பல்கலைக்கழகங்களுக்கு மாநிலம் செலவிட்ட பணத்தில் ஏறத்தாழ 10 சதவீதமே அங்கே சென்றது. மாநிலம் முழுவதும் இருந்த சுமார் 590 முனைவர் பட்டப் படிப்புகளில் மூன்றே மூன்றுதான் எல்லைப் பகுதியில் இருந்தன. பரந்த அளவில் முதுகலை, முனைவர் படிப்புகளை வழங்கும் ஒரு பல்கலைக்கழகத்தை அடைய, பிற பகுதி மாணவர் சராசரியாக 45 மைல் பயணம் செய்தால் போதும். எல்லைப் பகுதி மாணவருக்கோ அது 225 மைல். கீழ் நீதிமன்றம் வழக்குத் தொடுத்தவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் 1993இல் அதை மாற்றிவிட்டது. வழக்கு தோற்றது உண்மை. ஆனால் அந்த வழக்கு தந்த அழுத்தத்தைப் பயன்படுத்தி, தென் டெக்சாஸ் கல்லூரிகளுக்குச் சட்டமன்றத்தின் வழியாகவே பெரும் நிதி ஒதுக்கச் செய்த உறுப்பினர்களில் ரான்ஹெல் முன்வரிசையில் நின்றார். நீதிமன்றத்தில் தோற்றதைச் சட்டமன்றத்தில் வென்றெடுக்கும் இந்தப் பழக்கத்தை அவருடைய வாழ்வில் மீண்டும் ஒரு முறை காண்கிறோம்.

1993இல் மெக்சிகோ வம்சாவளி உறுப்பினர் குழுவின் முதல் பெண் தலைவரானார். 1995இல் அவைத்தலைவர் பீட் லேனி அவரை உயர்கல்விக் குழுவின் தலைவராக நியமித்தார். டெக்சாஸில் குழுத் தலைவர் பதவி வெறும் அலங்காரமன்று. குழுவில் விசாரணைக்கு எடுத்துக்கொள்ளாத மசோதா அவைக்கே வராது. பல்கலைக்கழகத் தலைவர்கள் நிதி வேண்டுமானால் அக்குழுவின் முன் வந்து பதில் சொல்லியாக வேண்டும். பருத்திக் காட்டில் வேலை செய்தவர்களின் மகள் அந்த நாற்காலியில் அமர்ந்த மறு ஆண்டே அவருடைய வாழ்வின் மிகப் பெரிய சோதனை வந்து சேர்ந்தது.

1996 மார்ச் மாதத்தில், 'ஹாப்வுட்' என்ற வழக்கில் ஐந்தாவது வட்டாரக் கூட்டாட்சி மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒரு தீர்ப்பு வழங்கியது. டெக்சாஸ் பல்கலைக்கழகத்தின் சட்டக் கல்லூரி மாணவர் சேர்க்கையில் இனத்தைக் கருத்தில் கொள்வது அரசியல் சட்டத்துக்கு முரணானது என்பது தீர்ப்பு. கறுப்பினத்தவர் என்பதற்காக ஹீமன் ஸ்வெட் என்பவருக்கு இடம் மறுத்து, அவர் வழக்காடி 1950இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் வென்று நுழைந்த அதே கல்லூரிதான் இது. மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. மாநிலத் தலைமை வழக்கறிஞர் டான் மொராலெஸ் 1997 தொடக்கத்தில் இத்தீர்ப்பை எல்லா அரசுக் கல்லூரிகளுக்கும், சேர்க்கைக்கு மட்டுமன்றி உதவித்தொகைக்கும் சேர்த்துப் பொருந்துவதாக விளக்கினார். ஆஸ்டின் வளாகத்தில் சேரும் கறுப்பின, ஹிஸ்பானிக் மாணவர்களின் எண்ணிக்கை அந்த ஆண்டே சரிந்தது.

இந்த நிலையில் என்ன செய்வது என்று யோசிக்கப் பேராசிரியர்களும் வழக்கறிஞர்களும் அடங்கிய ஒரு சிறு குழு கூடியது. வரலாற்றாசிரியர் டேவிட் மொன்டெஹானோ, சட்டப் பேராசிரியர் ஜெரால்டு டோரஸ், எல்லைப் பகுதிக் கல்லூரிகளின் வழக்கை நடத்திய ஆல் காஃப்மன் முதலியோர் அதில் இருந்தனர். ரான்ஹெலும் ஆஸ்டினைச் சேர்ந்த செனட்டர் கொன்சாலோ பாரியென்டோஸும் அவர்களுக்குத் துணை நின்றனர். அவர்கள் சேர்க்கை விவரங்களைப் புரட்டியபோது தெரியவந்த உண்மை, இனப் பிரச்சினையையும் தாண்டியது. மாநிலம் முழுவதும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட உயர்நிலைப் பள்ளிகள் இருக்க, ஆஸ்டின் வளாகத்தின் முதலாண்டு இடங்களில் பாதியைச் சுமார் 60 பள்ளிகளே எடுத்துக்கொண்டிருந்தன. அவற்றில் பெரும்பாலானவை பெருநகரங்களின் வசதி படைத்த பகுதிகளில் இருந்தவை. எல்லைப்புற ஹிஸ்பானிக் ஊர்கள், ஹூஸ்டன், டாலஸ் நகரங்களின் கறுப்பினக் குடியிருப்புகள் ஆகியவற்றோடு, மேற்கு டெக்சாஸின் வெள்ளையின விவசாயச் சிற்றூர்களும் அந்தப் பட்டியலுக்கு வெளியேதான் நின்றன.

இதிலிருந்து பிறந்ததுதான் 588ஆம் எண் மசோதா. ஒவ்வொரு பள்ளியின் இறுதி வகுப்பிலும் முதல் பத்து சதவீதத்துக்குள் வருபவருக்கு, அவர் எந்த ஊர், எந்த இனம், நுழைவுத் தேர்வில் எத்தனை மதிப்பெண் என்ற கேள்விகளுக்கே இடமில்லாமல், அவர் விரும்பும் அரசுப் பல்கலைக்கழகத்தில் இடம் உண்டு என்பது அதன் மையம். எஞ்சிய இடங்களுக்குக் குடும்பத்தின் பொருளாதார நிலை, குடும்பத்தில் முதல் பட்டதாரியா, இரு மொழி அறிந்தவரா, படிக்கும்போதே வேலைக்குச் சென்றவரா என்பன போன்ற பலவற்றையும் பல்கலைக்கழகங்கள் பார்க்கலாம் என்று மசோதா பட்டியலிட்டது. இனம் என்ற சொல் இல்லாமலே, நீதிமன்றம் மூடிய கதவுக்குப் பக்கத்தில் இன்னொரு கதவைத் திறந்தார்கள்.

இதை நிறைவேற்றியதில் ரான்ஹெலின் அரசியல் திறமை முழுமையாக வெளிப்பட்டது என்று நான் கருதுகிறேன். ஹிஸ்பானிக், கறுப்பின உறுப்பினர்களின் வாக்குகளை மட்டும் வைத்துக்கொண்டு இம்மசோதாவை நிறைவேற்ற முடியாது. எனவே கிராமப்புறத் தொகுதிகளின் குடியரசுக் கட்சி உறுப்பினர்களின் ஆதரவு தேவைப்பட்டது. அவர்களுடைய ஊர்ப் பிள்ளைகளும் ஆஸ்டின் வளாகத்துக்குள் நுழைய முடியாமல் வெளியே நின்றவர்கள்தாம் என்ற உண்மையே அவர்களை இந்தப் பக்கம் கொண்டுவந்தது. கட்சியும் இனமும் வேறான மக்களின் பொதுவான குறையைக் கண்டறிந்து, அதன்மேல் ஒரு பெரும்பான்மையைக் கட்டி எழுப்புவது சட்டமன்றப் பணியிலேயே கடினமான பணி. 1997 மே 20 அன்று ஆளுநர் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் மசோதாவில் கையெழுத்திட்டார். 1998இல் சேர்ந்த மாணவர்கள் முதல் சட்டம் நடைமுறைக்கு வந்தது.

அதன்பின் நடந்ததும் முக்கியம். இடம் கிடைத்தும் பணமில்லாமல் வர முடியாத மாணவர்களுக்காக, இதுவரை அதிகம் பிள்ளைகளை அனுப்பாத பள்ளிகளைக் குறிவைத்து ஆஸ்டின் பல்கலைக்கழகம் ஓர் உதவித்தொகையைத் தொடங்கியது. ஏழை மாணவர்களுக்கான 'டெக்சாஸ் கிராண்ட்' என்ற மாநில உதவித்தொகையைச் சட்டமன்றம் 1999இல் ஏற்படுத்தியது. அதே ஆண்டுக்குள் முதலாண்டு ஹிஸ்பானிக், கறுப்பின மாணவர்களின் பங்கு ஏறத்தாழ ஹாப்வுட் தீர்ப்புக்கு முந்தைய நிலைக்குத் திரும்பியது. ஆஸ்டினுக்குப் பிள்ளைகளை அனுப்பும் பள்ளிகளின் எண்ணிக்கையும் ஆண்டுதோறும் கூடியது. பத்து சதவீத விதியின் கீழ் வந்த மாணவர்கள், தங்களைவிட நுழைவுத் தேர்வில் கணிசமாக அதிக மதிப்பெண் பெற்று வேறு வழியில் சேர்ந்தவர்களுக்குச் சமமாகவோ மேலாகவோ வகுப்புகளில் தேறினார்கள் என்று பல்கலைக்கழகமே அறிக்கை வெளியிட்டது. நான்கு ஆண்டுகள் இடைவிடாமல் உழைத்து வகுப்பில் முன்னணியில் நின்ற பிள்ளையின் உழைப்பை ஒரு சனிக்கிழமை காலைத் தேர்வு முழுமையாக அளந்துவிட முடியாது என்பதை ஆசிரியராக இருந்த ரான்ஹெல் நன்கு அறிந்திருப்பார்.

இச்சட்டத்தின் மீதான விமர்சனங்களை நான் மறைக்க விரும்பவில்லை. ஒரு பள்ளியில் ஒரே இனத்தவர், ஒரே வருமான நிலையினர் பெரும்பான்மையாக இருப்பதால்தான் இச்சட்டம் பலன் தருகிறது. பள்ளிகள் பிரிந்து கிடக்கும் அநீதியின் மேல்தான் இது நிற்கிறது என்று சொல்பவர்களின் கூற்றில் உண்மை இருக்கிறது. சட்டம், மருத்துவம் போன்ற மேற்படிப்புகளின் சேர்க்கைக்கு இது பயன்படாது. ஹாப்வுட் வழக்கு எழுந்ததோ சட்டக் கல்லூரியில்தான். மாணவர் எண்ணிக்கை பெருகப் பெருக, ஆஸ்டின் வளாகத்தில் உள்மாநில மாணவர்களின் இடங்களில் ஐந்தில் நான்கு பங்கு இவ்விதியின் கீழேயே நிரம்பும் நிலை வந்தது. இசை, நுண்கலை போன்ற துறைகளுக்குத் தனித்திறன் பார்த்துச் சேர்க்க இடமில்லை என்று பல்கலைக்கழகம் முறையிட்டது. அதனால் 2009இல் சட்டமன்றம், ஆஸ்டின் வளாகம் மட்டும் இந்த விதியின் கீழ் நிரப்பும் இடங்களை 75 சதவீதத்தோடு நிறுத்திக்கொள்ளலாம் என்று திருத்தம் செய்தது. இன்று பெற்றோர் பேசும் ஆறு, ஐந்து என்ற எண்கள் அந்தத் திருத்தத்திலிருந்து வந்தவை.

நம் மக்களின் மனக்குறையும் எனக்குத் தெரியும். போட்டி கடுமையான புறநகர்ப் பள்ளியில் மிக நல்ல மதிப்பெண் எடுத்தும் எட்டாவது சதவீதத்தில் நிற்கும் பிள்ளைக்கு ஆஸ்டினில் உறுதியான இடம் இல்லை. எல்லைப்புறச் சிற்றூரில் அதைவிடக் குறைந்த பாடங்களைப் படித்த பிள்ளைக்கு இடம் உண்டு. இது நியாயமா என்று கேட்கிறார்கள். என் பிள்ளைகளும் டெக்சாஸ் அரசுப் பள்ளியில் படித்தவர்கள் என்பதால் அந்தக் கேள்வியின் வலியை நான் அறிவேன். ஆயினும் நான் ரான்ஹெலின் பக்கமே நிற்கிறேன். கிங்ஸ்வில்லிலும் ரியோ கிராண்டே பள்ளத்தாக்கிலும் உழைப்பவர்கள் வரி கட்டித்தான் அந்தப் பல்கலைக்கழகம் பல தலைமுறைகளாக வளர்ந்தது. அவர்களுடைய பிள்ளைகள் அதன் வாசலைப் பார்க்காமலே இருந்தார்கள். எல்லைப்புறச் சிற்றூர்ப் பள்ளியில் உயர்நிலைப் பாடங்கள் இல்லையென்றால் அது அந்தப் பிள்ளையின் குற்றமன்று. இருந்த பாடங்களில் அவள் முதலிடம் பெற்றிருக்கிறாள். தமிழ்நாட்டின் சிற்றூர் அரசுப் பள்ளிகளில் முதல் மாணவர்களாகத் தேறி, அந்த ஒரு தகுதியைப் பற்றிக்கொண்டு பொறியியல் கல்லூரிக்குள் நுழைந்து, இன்று டெக்சாஸில் வீடு கட்டி வாழும் நம்மில் பலருக்கு இது புரியாத செய்தியன்று. மேலும், எட்டாவது சதவீதத்தில் நிற்கும் நம் பிள்ளைக்கு டெக்சாஸின் பிற அரசுப் பல்கலைக்கழகங்களில் இடம் இன்றும் அதே சட்டத்தால்தான் உறுதியாகிறது. இதை நாம் மறந்துவிட்டுப் பேசுகிறோம்.

சேர்க்கையில் இனத்தைக் கருதலாமா என்ற கேள்வியில் நீதிமன்றங்கள் அதன்பின் பல முறை மாறின. 2003 சூன் மாதத்தில் உச்ச நீதிமன்றம் மிச்சிகன் வழக்கில் ஓரளவு அனுமதித்தது; ஆஸ்டின் பல்கலைக்கழகத்தின் மீதான ஃபிஷர் வழக்கிலும் 2016இல் அந்த அனுமதி நிலைத்தது; 2023இல் நீதிமன்றம் அதை ஏறக்குறைய முற்றிலும் விலக்கிவிட்டது. இத்தனை மாற்றங்களுக்கும் இடையே 1997ஆம் ஆண்டின் டெக்சாஸ் சட்டம் மட்டும் அசையாமல் நிற்கிறது. இனத்தைக் குறிப்பிடாமலே எழுதப்பட்டதால் 2023 தீர்ப்பும் அதைத் தொடவில்லை.

இவற்றில் எதையும் காண ரான்ஹெல் இல்லை. புற்றுநோயோடு நீண்ட நாள் போராடியபடியே அவர் சட்டமன்றப் பணியைத் தொடர்ந்தார். அவருடைய கடைசிப் பெரு முயற்சி, தென் டெக்சாஸுக்கு ஒரு மருந்தியல் கல்லூரியைக் கொண்டுவருவது. அப்பகுதியில் தொழில்முறைப் பட்டம் தரும் கல்லூரி ஒன்றுகூட அதுவரை இல்லை. மருந்தாளுநராக வேண்டிய பிள்ளை நூற்றுக்கணக்கான மைல் வடக்கே போக வேண்டும். போனவர்களில் பலர் திரும்புவதில்லை. அதற்கான சட்டத்தை 2001இல் அவர் நிறைவேற்றினார். 2003 மார்ச் 18 அன்று, பதவியில் இருக்கும்போதே ஆஸ்டினில் காலமானார். மாநிலத்துக்குத் தொண்டாற்றியவர்களை அடக்கம் செய்யும் ஆஸ்டின் மாநிலக் கல்லறைத் தோட்டத்தில் அவர் அடக்கம் செய்யப்பட்டார். அவர் பெயர் தாங்கிய மருந்தியல் கல்லூரி 2006இல் கிங்ஸ்வில்லில் முதல் மாணவர்களைச் சேர்த்துக்கொண்டது. அதற்கு முன்பே, 2004இல், டாலஸ் நகரில் தொடங்கப்பட்ட பெண்களுக்கான அரசுப் பள்ளிக்கும் அவர் பெயரையே சூட்டினார்கள். டெக்சாஸில் பெண்களுக்கு மட்டுமாக அமைந்த முதல் அரசுப் பள்ளி அது. ஆஸ்டின் பல்கலைக்கழகத்தின் அரசியல் துறையில் அவர் பெயரில் ஒரு பொதுக்கொள்கை ஆய்வு மையமும் இயங்குகிறது.

ஒன்றை மட்டும் வலியுறுத்த விரும்புகிறேன். அவர் ஆளுநர் பதவிக்கோ வாஷிங்டனுக்கோ போட்டியிடவில்லை. ஒரே அவையில், ஒரே துறையின் நுட்பங்களைக் கற்று, நிதி ஒதுக்கீட்டுப் பட்டியலையும் சேர்க்கை விவரங்களையும் வரிவரியாகப் படித்து, இருபத்தாறு ஆண்டுகள் அமர்ந்திருந்தார். செய்தித்தாள்களின் முதல் பக்கத்துக்கு இது உகந்த வாழ்க்கையாகத் தோன்றாது. ஆனால் கால் நூற்றாண்டுக்கும் மேலாக, ஒவ்வோர் ஆண்டும் டெக்சாஸின் பல்லாயிரம் பிள்ளைகள் எங்கே படிப்பார்கள் என்பதைத் தீர்மானித்துவருவது அந்த உழைப்புதான்.

ஆகவே தங்களிடம் இரு வேண்டுகோள்கள். அமெரிக்க மாநிலங்களின் சட்டமன்றங்களில் பணியாற்றிய இத்தகைய பெண்களைப் பற்றி, குறிப்பாக ஹிஸ்பானிக், கறுப்பினப் பெண்களைப் பற்றி, தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் ஒரு தொடர் வெளியிட வேண்டும். கலிஃபோர்னியாவின் குளோரியா மொலினா, கொலராடோவின் பாலி பாக்கா என்று எழுதுவதற்குரிய வாழ்க்கைகள் பல உள்ளன. அடுத்து, வெளிநாடு வாழ் தமிழர் பக்கத்தில் டெக்சாஸ் பல்கலைக்கழகச் சேர்க்கை பற்றிய வழிகாட்டிக் கட்டுரைகள் வரும்போது, இந்தச் சட்டம் ஏன் வந்தது என்பதையும் இரண்டு பத்திகளிலாவது சேர்க்க வேண்டும். டெக்சாஸ் சட்டமன்றத்தின் உயர்கல்விக் குழு மசோதாக்களை விசாரிக்கும் நாள்களில் பொதுமக்கள் எவரும் பெயர் பதிவு செய்துகொண்டு கருத்துச் சொல்லலாம். இச்சட்டத்தை மாற்ற வேண்டும் என்று கருதும் நம் பெற்றோரும், காக்க வேண்டும் என்று கருதும் என்னைப் போன்றவர்களும் அங்கே சென்று பேசும்போது, 1997இல் அதே குழுவின் தலைவர் இருக்கையில் இருந்தவர் என்ன நினைத்து இதை எழுதினார் என்பதை அறிந்து பேசுவதுதான் முறையாகும்.

தங்கள் உண்மையுள்ள,
ஒரு வாசகர்,
ஆஸ்டின், டெக்சாஸ்.